கேப்டனுக்கு மணி கட்டுவது யார்?

இந்த வாரம் ஒரு சின்னக் கணக்கோட ஆரம்பிக்கலாம். கால்குலேட்டர் வேண்டாம், மனசுலயே போடலாம்.

ஒரு விமானத்தில் 5,000 பவுண்டு எரிபொருள் இருக்கிறது. நிமிடத்துக்கு ஏறத்தாழ 220 பவுண்டு எரிகிறது. இன்னும் எத்தனை நிமிடம் பறக்கலாம்?

22, 23 நிமிடம். அவ்வளவுதான். பஸ்ல தொங்கிக்கிட்டே கேக்குறவங்ககூட இந்நேரம் போட்டிருப்பீங்க.

1978 டிசம்பர் 28 சாயங்காலம், அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில், போர்ட்லாண்ட் நகரத்துக்குப் பக்கத்தில் பறந்துகொண்டிருந்த ஒரு விமானத்தின் காக்பிட்டில் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். மூன்று பேருக்கும் இந்தக் கணக்கு தெரியும். அதில் ஒருவருக்கு வேலையே இந்தக் கணக்கைப் பார்ப்பதுதான். ஆனாலும் அந்த விமானம் எரிபொருள் தீர்ந்துபோய் விழுந்தது. ரன்வே இருந்தது சுமார் 11 கிலோமீட்டர் தூரத்தில்.

அமெரிக்க விமான வரலாறுன்னு சொன்னதும் ரைட் சகோதரர்கள், லிண்ட்பெர்க், ஜெட் விமானம்னு ஞாபகம் வரும். நான் இன்னைக்குச் சொல்லப்போறது வேற ஒரு பகுதி. காக்பிட்டுக்குள்ள சின்னவர் பெரியவர்கிட்ட எப்படிப் பேசணும்னு அந்த நாடு கத்துக்கிட்ட கதை. கத்துக்கிறதுக்கு நிறைய உயிர் போச்சு. கேட்டு முடிச்சதும் உங்க ஆபீஸ் ஞாபகம் வந்தா, அது என் தப்பு இல்ல.

ஒரு மணி நேரம் சுத்தின விமானம்

அது யுனைடெட் ஏர்லைன்ஸின் 173-ஆம் எண் விமானம். டிசி-8 ரகம். நியூயார்க்கிலிருந்து கிளம்பி, டென்வரில் நின்று, போர்ட்லாண்டுக்கு வந்துகொண்டிருந்தது. பயணிகள், ஊழியர்கள் எல்லாம் சேர்த்து 189 பேர். கிறிஸ்துமஸ் முடிந்து புத்தாண்டுக்கு முந்தைய வாரம்.

இறங்குவதற்காகச் சக்கரங்களை வெளியே விட்டார்கள். வழக்கமாக அது மெதுவாக இறங்கும். அன்றைக்கு 'தடால்' என்று ஒரு சத்தம். விமானம் ஒரு பக்கம் லேசாக இழுத்தது. சக்கரம் சரியாக இறங்கிப் பூட்டிக்கொண்டால் காக்பிட்டில் பச்சை விளக்கு எரிய வேண்டும். முன் சக்கரத்துக்கு மட்டும்தான் எரிந்தது.

என்ன ஆச்சுன்னா, வலதுபக்கச் சக்கரத்தை இழுத்துப் பிடிக்கிற உலோகத் தண்டு ஒன்று துருப்பிடித்து உடைந்திருந்தது. அதனால் சக்கரம் பொத்தென்று விழுந்தது. விழுந்த வேகத்தில் விளக்குக்குத் தகவல் அனுப்புகிற சுவிட்ச் கெட்டுவிட்டது. ஆனால் சக்கரம் இறங்கித்தான் இருந்தது, பூட்டிக்கொண்டும் இருந்தது. அது அப்போது மேலே இருந்தவர்களுக்கு உறுதியாகத் தெரியாது.

கேப்டன் எச்சரிக்கையான ஆள். அனுபவம் 27,000 மணி நேரத்துக்கும் மேல். உடனே இறங்கவில்லை. விமான நிலையத்துக்குத் தென்கிழக்கே 5,000 அடி உயரத்தில் வட்டமடித்தபடி பிரச்சினையைப் பார்த்தார். நிறுவனத்தின் பராமரிப்புப் பிரிவிடம் ரேடியோவில் பேசினார். சக்கரம் மடங்கிவிட்டால் பயணிகளை எப்படி வெளியேற்றுவது என்று கேபின் ஊழியர்களைத் தயார்படுத்தினார். ஒவ்வொன்றாகப் பார்த்தால் எல்லாமே சரியான வேலை. வட்டமடித்த நேரம் மட்டும் ஒரு மணியை நெருங்கிக்கொண்டிருந்தது.

5 மணி 46 நிமிடம் வாக்கில் கோ-பைலட் எரிபொருள் எவ்வளவு என்று கேட்கிறார். 5,000 பவுண்டு என்று ஃப்ளைட் இன்ஜினியர் பதில் சொல்கிறார். கொஞ்ச நேரத்தில் எரிபொருள் பம்பு விளக்குகள் மினுக்க ஆரம்பிக்கின்றன. அதைப் பற்றியும் பேசிக்கொள்கிறார்கள். இன்னும் 15 நிமிடம் கழித்து இறங்குவதாக வைத்துக் கணக்குப் போடச் சொல்கிறார் கேப்டன். 15 நிமிடம் போனால் எரிபொருள் ரொம்பக் குறைந்துவிடும் என்று ஃப்ளைட் இன்ஜினியர் சொல்கிறார்.

இந்த இடத்தைக் கொஞ்சம் கவனிங்க. அவர் சொன்னார். சொல்லாம இருக்கல. ஆனா எப்படிச் சொன்னார்? 'குறைஞ்சிடும்'னு சொன்னார். 'தீர்ந்துடும்'னு சொல்லல. 'இப்பவே இறங்கியாகணும்'னும் சொல்லல. தகவலைச் சொன்னார், முடிவைக் கேப்டன் கையில விட்டுட்டார். கேப்டன் மனசு முழுக்கச் சக்கரத்துல இருந்தது. தகவல் காதுல விழுந்தது, உள்ள இறங்கல.

6 மணி தாண்டி ஆறேழு நிமிடத்தில் ஒரு இன்ஜின் அணைந்தது. இன்ஜின் போகிறது என்று கோ-பைலட் சொன்னபோது, கேப்டன் திருப்பிக் கேட்டது: ஏன்? கோ-பைலட் சொன்ன பதில் ஒரே வார்த்தை. எரிபொருள்.

அந்த 'ஏன்?'தான் எனக்கு இந்த மொத்தச் சம்பவத்துலயே மனசைப் பிசையுற இடம். ஒரே அறையில, கை எட்டுற தூரத்துல மூணு பேர். ரெண்டு பேருக்குத் தெரிஞ்ச விஷயம் மூணாவது ஆளுக்குப் போய்ச் சேரவே இல்ல.

6:15-க்கு விமானம் போர்ட்லாண்டின் புறநகரில், மரங்கள் அடர்ந்த ஒரு பகுதியில் விழுந்தது. வழியில் இருந்த இரண்டு வீடுகளில் அப்போது யாரும் இல்லை. 10 பேர் இறந்தார்கள். அதில் ஒருவர் அந்த ஃப்ளைட் இன்ஜினியர். மற்றவர்கள் பிழைத்ததற்கு முக்கியக் காரணம், தீப்பிடிக்கவில்லை. பிடிக்க எரிபொருளே இல்லை.

நான்தான் கேட்டேனே

இந்த இடத்துல என் சொந்தக் கதை ஒண்ணு சொல்லிடுறேன். சொல்லாம விட்டா, அவங்க மூணு பேரையும் நான் மேல உட்கார்ந்து தீர்ப்பு சொல்ற மாதிரி ஆயிடும்.

என்னோட முதல் வேலை. வெள்ளிக்கிழமை ராத்திரி ஒரு ரிலீஸ். டீம் லீட் நல்ல மனுஷன், எட்டு வருஷ அனுபவம், நாங்க அவரை அண்ணான்னுதான் கூப்பிடுவோம். டேட்டாபேஸ்ல கை வைக்கிறதுக்கு முன்னாடி பேக்கப் எடுக்கணும். என் ஸ்கிரீன்ல பேக்கப் பாதியில நின்ன மாதிரி தெரிஞ்சுது. நான் கேட்டேன், "அண்ணா, பேக்கப் எல்லாம் ஓகேதானே?" அவர் மானிட்டர்ல இருந்து கண்ணை எடுக்காம, "ம்ம், பாத்துக்கலாம்டா"ன்னாரு. நான் சரின்னு உட்கார்ந்துட்டேன்.

பேக்கப் ஓகே இல்ல. ரெண்டு நாள் ஆர்டர் விவரம் போச்சு. சனி, ஞாயிறு ரெண்டு நாளும் ஆறு பேர் உட்கார்ந்து மெயில்ல இருந்து பாத்துப் பாத்து டைப் பண்ணோம். உயிர் போற விஷயம் இல்ல. ஆனா அன்னைக்கு ராத்திரி நான் எனக்கே சொல்லிக்கிட்ட சமாதானம் இன்னும் ஞாபகம் இருக்கு: "நான்தான் கேட்டேனே."

கேட்டேன். ஆனா எனக்குத் தெரிஞ்சதைச் சொன்னேனா? 'பேக்கப் பாதியில நிக்குது'ங்கிறதுதான் எனக்குத் தெரிஞ்சது. அதை நான் ஒரு கேள்வியா மடிச்சு, பூ வச்சு, அவர் கையில குடுத்தேன். அவர் பிரிச்சுப் பாக்கல.

நம்ம ஊர்ல இதுக்கு அழகா ஒரு வார்த்தை இருக்கு. ஜாடைமாடையா சொல்றது. பெரியவங்க மனசு நோகாம, நம்ம மேலயும் பழி வராம, விஷயத்தைச் சுத்தி வளைச்சுத் தொட்டுட்டு வர்றது. வீட்ல அது மரியாதை. 5,000 பவுண்டு எரிபொருளோட பறக்குறப்போ அது ஆபத்து.

கேப்டன்னா ராஜா

அமெரிக்கர்கள் எல்லாத்தையும் நேராகப் பேசுபவர்கள், மேலதிகாரியைப் பேர் சொல்லிக் கூப்பிடுபவர்கள் என்று நமக்கு ஒரு நினைப்பு. அவர்களுடைய காக்பிட் ரொம்ப நாள் அப்படி இருக்கவில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஏர்லைன்களுக்கு வந்த பைலட்டுகளில் ஏராளமானவர்கள் ராணுவத்திலிருந்து வந்தவர்கள். கேப்டன் வைத்ததுதான் சட்டம். கோ-பைலட்டின் வேலை என்ன என்பதற்கு அங்கே ஒரு பழைய ஜோக் உண்டு. சக்கரத்தைத் தூக்கு, இறக்கை மடிப்பை ஏத்து, வாயை மூடு.

அந்த ஜோக்கின் விலை என்ன என்பது 1970-களில் அடுத்தடுத்துத் தெரிந்தது.

1972 டிசம்பர் 29. ஈஸ்டர்ன் ஏர்லைன்ஸின் 401-ஆம் எண் விமானம், நியூயார்க்கிலிருந்து மயாமிக்கு. புத்தம் புது லாக்ஹீட் எல்-1011. இங்கேயும் ஒரு சக்கர விளக்கு எரியவில்லை. இங்கே பல்பே பியூஸ் போயிருந்தது. அந்தக் குட்டி பல்பைக் கழற்றிப் பார்ப்பதில் காக்பிட்டில் எல்லோரும் மூழ்கிவிட்டார்கள். ஆட்டோபைலட் 2,000 அடியில் விமானத்தைப் பிடித்து வைத்திருக்கிறது என்று நம்பினார்கள். ஸ்டியரிங் மேல் கை பட்டோ என்னவோ, அந்தப் பிடி விட்டுப்போயிருந்தது. இருட்டில், ஃப்ளோரிடாவின் சதுப்புநிலத்துக்கு மேலே, விமானம் கொஞ்சம் கொஞ்சமாக இறங்கிக்கொண்டே இருந்தது.

கீழே ரேடார் முன்னால் இருந்த கன்ட்ரோலர் திரையில் 900 அடி என்று ஒரு எண் வந்தது. அவர் ரேடியோவில் கேட்டார். எதைப் பற்றி? உயரத்தைப் பற்றி இல்லை. அங்கே நிலவரம் எப்படிப் போகிறது என்று பொதுவாகக் கேட்டார். மேலே இருந்தவர்கள் சரிதான், திரும்பி வருகிறோம் என்றார்கள். அடுத்த அரை நிமிடத்துக்குள் விமானம் சதுப்பில் மோதியது. 176 பேரில் 101 பேர் இறந்தார்கள்.

அப்போதைய ரேடாரில் உயர எண் அவ்வப்போது தப்பாகவும் வரும். அதனால் அவருக்குச் சந்தேகம். அவரைக் குறை சொல்ல நான் இதைச் சொல்லல. ஆனா சந்தேகம் வந்தப்போ அவர் வாயில இருந்து வந்தது பாருங்க, அதுவும் ஒரு 'ஓகேதானே?' கேள்வி.

அடுத்தது 1974 டிசம்பர் 1. டிடபிள்யூஏ நிறுவனத்தின் 514-ஆம் எண் விமானம், வாஷிங்டன் பக்கத்திலுள்ள டல்லஸ் விமான நிலையத்துக்கு வரும்போது வர்ஜீனியாவில் ஒரு மலையில் மோதியது. 92 பேர், ஒருவரும் பிழைக்கவில்லை. எந்த இடத்தில் எந்த உயரத்துக்கு இறங்கலாம் என்பதில் கன்ட்ரோலர் சொன்னதற்கும் பைலட் புரிந்துகொண்டதற்கும் இடையே ஒரு ஓட்டை. விசாரணையில் இன்னொன்று தெரிந்தது. சில வாரம் முன்னால் வேறொரு ஏர்லைனின் பைலட்டுகள் அதே இடத்தில் அதே மாதிரி தப்பாகப் புரிந்துகொண்டு, மயிரிழையில் தப்பியிருந்தார்கள். தங்கள் நிறுவனத்திடம் சொல்லியும் இருந்தார்கள். அந்த நிறுவனம் தன் பைலட்டுகளை எச்சரித்தது. மற்ற ஏர்லைன்களுக்கு அது போகவில்லை.

இதிலிருந்து பிறந்ததுதான் 1976-இல் நாசா நடத்த ஆரம்பித்த விமானப் பாதுகாப்புத் தகவல் முறை. நாசான்னா ராக்கெட் மட்டும் இல்ல, அந்தப் பேர்லயே விமானவியலும் இருக்கு. பைலட், கன்ட்ரோலர், யாரா இருந்தாலும் தான் செய்த தப்பை எழுதி அனுப்பலாம். பேரை நீக்கிட்டுத்தான் ஆவணத்தில் சேர்ப்பாங்க. தெரியாமல் செய்த மீறலாக இருந்து, பத்து நாளுக்குள் எழுதி அனுப்பியிருந்தால், பொதுவாகத் தண்டனை கிடையாது. குற்றமும் விபத்தும் இதில் சேராது. தண்டிக்கிற அதிகாரம் உள்ள எஃப்ஏஏ இதை நடத்தினால் யாரும் வாய் திறக்க மாட்டார்கள் என்பதால்தான், அந்த அதிகாரம் இல்லாத நாசாவிடம் கொடுத்தார்கள். இன்றுவரை பத்து லட்சத்துக்கும் மேலான கடிதங்கள் வந்திருக்கின்றன.

வெளியிலிருந்து எழுதி அனுப்ப வழி கிடைத்துவிட்டது. காக்பிட்டுக்கு உள்ளே, அந்த நிமிடத்தில், பக்கத்து சீட்டில் இருப்பவரிடம் சொல்வதற்கு? அதற்கு இன்னும் வழி இல்லை. போர்ட்லாண்ட் நடந்தது அதற்கப்புறம்தான்.

பேசுவதற்கு ஒரு பாடத்திட்டம்

அமெரிக்காவில் விபத்துகளை விசாரிக்கிற அமைப்பு என்டிஎஸ்பி. எஃப்ஏஏவிலிருந்து தனியானது. அதற்கு அபராதம் போடும் அதிகாரமோ, உரிமத்தைப் பறிக்கும் அதிகாரமோ கிடையாது. என்ன நடந்தது, மறுபடி நடக்காமல் இருக்க என்ன செய்யலாம் என்று மட்டும் சொல்லும்.

போர்ட்லாண்ட் விசாரணை அறிக்கை கேப்டனைத்தான் முதலில் சொன்னது: எரிபொருளைக் கவனிக்கத் தவறினார், மற்றவர்கள் சொன்னதற்குச் செவி கொடுக்கவில்லை. ஆனால் அதோடு நிற்கவில்லை. மற்ற இருவரும் நிலைமையின் தீவிரத்தை முழுசாக உணராமல் போனார்கள், அல்லது உணர்ந்ததைக் கேப்டனுக்கு உறைக்கும்படி சொல்லத் தவறினார்கள் என்றும் எழுதியது. பரிந்துரையும் இரண்டு பக்கத்துக்கும் தான். மற்றவர்களைச் சேர்த்துக்கொண்டு முடிவெடுக்கக் கேப்டன்களுக்குப் பயிற்சி கொடுங்கள். துணிந்து சொல்ல மற்றவர்களுக்குப் பயிற்சி கொடுங்கள்.

அடுத்த ஆண்டு, 1979 ஜூனில், சான் ஃபிரான்சிஸ்கோவில் நாசா ஒரு பட்டறை நடத்தியது. நாசாவின் ஏம்ஸ் ஆய்வு மையத்தில் ஜான் லாபர் என்ற உளவியலாளரும் அவரோடு இருந்தவர்களும் ஏற்கெனவே பைலட்டுகளிடம் பேசி, விபத்துகளை அலசிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் கண்டது ஒன்றுதான். விபத்துகளில் பெரும்பாலும் குறை, ஓட்டும் திறமையில் இல்லை. தகவலைப் பகிர்வதில், வேலையைப் பிரிப்பதில், முடிவெடுப்பதில்தான் கோளாறு.

இதிலிருந்து வந்த பயிற்சிக்கு சிஆர்எம் என்று பேர். காக்பிட் ரிசோர்ஸ் மேனேஜ்மென்ட். அப்புறம் காக்பிட்டை 'க்ரூ' என்று மாற்றினார்கள், கேபின் ஊழியர்களும் அதில் சேரணும் என்பதால். 1981-இல் இதை முழுசாக ஆரம்பித்த ஏர்லைன் எது தெரியுமா? போர்ட்லாண்டில் விமானத்தை இழந்த அதே யுனைடெட்.

எல்லோரும் கைதட்டி வரவேற்றார்கள் என்று நினைக்காதீங்க. முப்பது வருஷம் ஓட்டின கேப்டன்களை உட்கார வைத்து 'அடுத்தவர் பேசுவதைக் கேளுங்கள்' என்று சொன்னால் சும்மா இருப்பார்களா? இது நாகரிகம் கற்றுக்கொடுக்கிற பள்ளிக்கூடமா என்று கிண்டல் அடித்தார்கள்.

சரி, அப்படி என்னதான் சொல்லிக்குடுத்தாங்க? 'தைரியமா பேசுங்க'ன்னு சொன்னா மட்டும் யாருக்கும் தைரியம் வந்துடாது. அதனால ஒரு வாய்ப்பாடு மாதிரி ஆக்கினாங்க. அஞ்சு படி.

ஒண்ணு, அவரைக் கூப்பிடு. பேரோ பதவியோ, அவர் கவனம் உன் பக்கம் திரும்பணும். ரெண்டு, உன் கவலையைச் சொல்லு. மூணு, பிரச்சினை என்னன்னு நீ பாக்குற மாதிரியே சொல்லு. நாலு, என்ன செய்யலாம்னு நீயே ஒண்ணு சொல்லு. அஞ்சு, பதில் வாங்கு.

போர்ட்லாண்ட்ல இதைப் போட்டுப் பாக்கலாம். "கேப்டன், எரிபொருளை நெனச்சா எனக்குக் கவலையா இருக்கு. 5,000 பவுண்டுதான் இருக்கு. 20 நிமிஷம் தாண்டினா இன்ஜின் நின்னுடும். இப்பவே ரன்வே பக்கம் திரும்பணும்னு நினைக்கிறேன். சரிங்களா?"

சொல்லிப் பாத்தேன், 15 செகண்ட் ஆச்சு. இதுல மரியாதைக்குறைவு எங்கேயும் இல்ல. 'நீங்க தப்பு பண்றீங்க'ன்னு ஒரு வார்த்தை இல்ல. கேப்டன்தான் முடிவெடுக்கிறார். ஆனா தெரியாம முடிவெடுக்கிறதுக்கு அவருக்கு இனி வழியே இல்ல.

இந்தப் பயிற்சி எல்லா ஏர்லைனுக்கும் உடனே போய்ச் சேரவில்லை. 1982 ஜனவரி 13, வாஷிங்டன். பனி கொட்டுகிறது. ஏர் ஃப்ளோரிடாவின் 90-ஆம் எண் விமானம் ரன்வேயில் ஓட ஆரம்பிக்கிறது. இன்ஜினில் பனி உறையாமல் தடுக்கிற சுவிட்சைப் போடவில்லை. அதனால் ஒரு உணர்கருவி அடைபட்டு, இன்ஜின் தருகிற சக்தியை இருப்பதை விட அதிகமாகக் காட்டியது. ஓட்டிக்கொண்டிருந்த கோ-பைலட்டுக்கு மீட்டர்கள் ஒன்றோடொன்று பொருந்தவில்லை என்று பட்டது. இது சரியாத் தெரியலையே என்கிற மாதிரி அவர் ஒரு தடவை இல்லை, பல தடவை சொன்னார். கேப்டன் ஒதுக்கிவிட்டார். நிறுத்தலாம் என்ற வார்த்தை இரண்டு பேர் வாயிலிருந்தும் வரவில்லை. கிளம்பி அரை நிமிடத்தில் விமானம் பொட்டோமாக் ஆற்றுப் பாலத்தில் மோதி, உறைந்த ஆற்றுக்குள் போனது. 78 பேர் இறந்தார்கள். அதில் நான்கு பேர் பாலத்தில் வாகனங்களில் போய்க்கொண்டிருந்தவர்கள்.

கிண்டல் அடிச்சவங்க குரல் அதுக்கப்புறம் கொறஞ்சுது.

ஐயோவாவில் 44 நிமிடம்

1989 ஜூலை 19. மறுபடியும் யுனைடெட். 232-ஆம் எண், டிசி-10 விமானம், டென்வரிலிருந்து சிகாகோவுக்கு. 296 பேர். 37,000 அடியில் வாலில் இருக்கிற இன்ஜினின் விசிறித் தட்டு வெடித்துச் சிதறியது. சிதறிய துண்டுகள் ஹைட்ராலிக் குழாய்களை அறுத்தன. இறக்கை, வால் எல்லாவற்றையும் அசைப்பது அந்த ஹைட்ராலிக் எண்ணெய்தான். ஒன்று போனால் இன்னொன்று என்று மூன்று தனித்தனி அமைப்புகள் இருந்தன. மூன்றும் போயின. அப்படி நடக்கவே நடக்காது என்று நம்பியதால் அதற்கு எந்தக் கையேட்டிலும் வழி எழுதி வைக்கவில்லை.

ஸ்டியரிங்கைத் திருப்பினால் விமானம் திரும்பாது. கேப்டன் ஆல் ஹெயின்ஸுக்குத் தெரிந்தது ஒன்றுதான்: தனக்கு விடை தெரியாது. அதை அவர் மறைக்கவில்லை. கோ-பைலட், ஃப்ளைட் இன்ஜினியர் இருவரிடமும் யோசனை கேட்டார். பயணிகளோடு டென்னி ஃபிட்ச் என்று ஒரு பயிற்சி பைலட், டிசி-10 சொல்லிக்கொடுப்பவர், லீவில் வந்துகொண்டிருந்தார். அவர் உதவட்டுமா என்று சொல்லி அனுப்பியதும், உள்ளே கூப்பிட்டுக்கொண்டார் ஹெயின்ஸ். வெளியாள் வந்து தன் காக்பிட்டில் கை வைப்பதா என்று நினைக்கவில்லை. மிச்சமிருந்த இரண்டு இன்ஜின்களின் வேகத்தை மாற்றி மாற்றிக் கூட்டிக் குறைத்துத்தான் விமானத்தைத் திருப்ப முடிந்தது. இரண்டு சீட்டுக்கும் நடுவில் இருந்துகொண்டு ஃபிட்ச் அந்த இரண்டு லீவரையும் கையில் பிடித்திருந்தார். நாலு பேரும் பேசிக்கொண்டே, ஒருவர் சொன்னதை இன்னொருவர் சோதித்துக்கொண்டே, 44 நிமிடம் போராடி, ஐயோவா மாநிலத்தின் சூ சிட்டி ரன்வேக்குக் கொண்டுவந்தார்கள்.

கடைசி நொடியில் இறக்கை சாய்ந்து தரையில் மோதி, விமானம் உடைந்து தீப்பிடித்தது. 112 பேர் இறந்தார்கள். 184 பேர் உயிரோடு வந்தார்கள். பிறகு சிமுலேட்டரில் இதே நிலைமையை வைத்துப் பார்த்தபோது, பயிற்சி பெற்ற பைலட்டுகளால் ரன்வேயில் பத்திரமாக இறக்க முடியவில்லை.

ஹெயின்ஸ் 2019-இல் காலமானார். விபத்துக்குப் பிறகு பல ஆண்டுகள் ஊர் ஊராகப் போய்ப் பேசினார். பேசிய இடத்தில் எல்லாம் அவர் சொன்னது: அன்றைக்கு காக்பிட்டில் இருந்தவர்களின் மொத்த அனுபவம் 103 வருஷம், ஆனால் அந்த நிலைமையில் ஓட்டிய அனுபவம் ஒருவருக்கும் ஒரு நிமிஷம்கூட இல்லை. அப்படி இருக்கும்போது நான் சொல்வதுதான் சரி என்று நான் எப்படி இருக்க முடியும்? சிஆர்எம் பயிற்சி இல்லாமல் இருந்திருந்தால் இது முடிந்திருக்காது என்பதையும் சொன்னார்.

போர்ட்லாண்டையும் சூ சிட்டியையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாருங்க. ஒரே ஏர்லைன். பதினோரு வருஷ இடைவெளி கூட இல்ல. ரெண்டு இடத்துலயும் கேப்டன் திறமைசாலி. முதல் விமானத்துல கிட்டத்தட்ட எல்லாமே வேலை செஞ்சுது, பேச்சைத் தவிர. ரெண்டாவதுல கிட்டத்தட்ட எதுவுமே வேலை செய்யல, பேச்சைத் தவிர.

யார் மாறணும்?

1990-களில் அமெரிக்க ஏர்லைன்களுக்கு சிஆர்எம் பயிற்சியை எஃப்ஏஏ கட்டாயமாக்கியது. இன்று உலகம் முழுக்க இருக்கிறது. பல ஏர்லைன்களில், இறங்கும்போது பக்கத்து சீட்டில் இருப்பவர் "இறங்காதே, மேலே எழும்பு" என்று சொன்னால், ஓட்டுபவர் வாக்குவாதம் செய்யாமல் எழும்பிவிட வேண்டும். காரணத்தை அப்புறம் பேசிக்கொள்ளலாம். சொன்னவர் நேற்றுச் சேர்ந்தவராக இருந்தாலும் இதேதான்.

பேசத் தெரிந்தால் விபத்தே நடக்காது என்று சொல்ல வரல. இயந்திரம் கெடும், வானிலை மோசமாகும், மனுஷன் களைச்சுப்போவான். அது தனி.

நான் இதைப் படிச்சிட்டு ரொம்ப நேரம் யோசிச்சது இதைத்தான். 'நீ தைரியமாப் பேசியிருக்கணும்'னு சின்னவங்ககிட்ட சொல்றது சுலபம். நாமளும் ஒருத்தருக்கொருத்தர் அதையே சொல்லிக்கிறோம். ஆனா அந்தப் பரிந்துரையில ரெண்டு பக்கம் இருந்துச்சு. 'துணிஞ்சு சொல்லு'ங்கிறது ஒரு பாதி. 'கேளு, கேட்டு வாங்கு'ன்னு கேப்டனுக்குச் சொன்னது மறுபாதி. பூனைக்கு மணி கட்டுற கதையில எலிங்க மட்டும்தான் கூட்டம் போடும். இந்தக் கதையில பூனையையும் உட்கார வச்சுப் பாடம் எடுத்தாங்க. வித்தியாசம் அங்கதான்.

பேக்கப் கதைக்கு வருவோம். இப்போ என் கீழ மூணு பேர் வேலை பாக்குறாங்க. அதுல ஒரு பொண்ணு, காலேஜ் முடிச்சு ஆறு மாசம்தான் ஆகுது. போன மாசம் ஒரு நாள் ராத்திரி ஒன்பது மணி, நான் அவசரத்துல இருக்கேன். பின்னாடி இருந்து குரல் வருது, "அண்ணா, இது ஓகேதானே?"

"ம்ம், பாத்துக்கலாம்"னு சொல்ல வாய் வந்துடுச்சு. அப்புறம் நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்தேன். "நீ என்ன பாத்தே? அதைச் சொல்லு"ன்னேன்.

அவ பாத்தது தப்பு. எல்லாம் சரியாத்தான் இருந்துச்சு. ரெண்டு நிமிஷம் போச்சு, "சாரிண்ணா"ன்னா. சாரி எல்லாம் வேண்டாம், அடுத்த தடவையும் இதே மாதிரி சொல்லு, ஆனா கேள்வியா கேக்காதே, பாத்ததைச் சொல்லுன்னு சொல்லி அனுப்பினேன். அந்த ரெண்டு நிமிஷத்தை நான் வீண்னு நெனச்சு முகத்தைச் சுளிச்சிருந்தா, அடுத்த தடவை அவ பாத்தது சரியா இருக்குறப்போ என் காதுக்கு வராது.

இந்த வாரம் உங்க ஆபீஸ்லயோ, வீட்லயோ, 'ஓகேதானே'ன்னு யாராவது கேட்டா, கொஞ்சம் திரும்பிப் பாருங்க. அவங்க கையில ஒரு எண் இருக்கலாம். 5,000-ன்னு.

அடுத்த வாரம் பார்க்கலாம்.